அருஞ்சுனையின் நிழல்

கொக்குக்குளம்,
பரளச்சி வழி.
5 அக்டோபர் 2025

அன்பு ராஜிக்கு,

முருகலட்சுமி எழுதுவது. இங்கே வெயில் வெகு சௌக்கியம். அதன் தயவில் நாங்களும் சௌக்கியம். நீ சிலியிலிருந்து போட்ட கடிதம் உலகத்தையெல்லாம் சுற்றிவிட்டு, ஓரம் கிழிந்து, பரளச்சித் தபால்காரர் கையில் வந்து சேர்ந்தது. போனில் பேசினால் ஆகாதா என்று என் வீட்டுக்காரர் காளீஸ்வரன் கேட்கிறார். திருச்சுழிப் பள்ளிக்கூட நாளிலிருந்து நாம் வாய் திறந்தால் பாதியிலேயே சண்டை வந்துவிடும், காகிதம் என்றால்தான் ஒருத்தியை ஒருத்தி முழுசாகத் திட்டி முடிக்க முடியும் என்று சொன்னேன். அவருக்குப் புரியவில்லை.

மழை நரிக்குடிப் பக்கம் பெய்ததாம். நம் ஊருக்கு மேகம் வந்து எட்டிப் பார்த்துவிட்டுப் போய்விட்டது. இருந்தாலும் குதிரைவாலி விதைத்தாயிற்று. உன் அம்மா நன்றாக இருக்கிறார்கள். முழங்கால் வலியைப் பற்றிக் கேட்டால் பேச்சை மாற்றுகிறார்கள்.

இனி நீ எழுதிய விஷயம். நிழல் விழவைக்கும் நம் நட்சத்திரக் கூட்டத்துக்கு உலகம் முழுவதற்கும் ஒரே பெயர் வைக்கப் போகிறார்கள், எந்த ஊர்க்காரரும் தங்கள் பெயரையும் கதையையும் பிப்ரவரிக்குள் அனுப்பலாம், ஆராய்ச்சிக் குழுவில் இருப்பதால் நீ அனுப்பக் கூடாது, என்னை அனுப்பச் சொல்கிறாய். எவ்வளவு பெரிய காரியத்தை என் கையில் கொடுத்திருக்கிறாய். நான் வேலை பார்க்கும் தாலுகா ஆபீசில் பட்டா மாற்ற வந்தவர்களிடம்கூடச் சொல்லிவிட்டேன். எழுதியதைக் கீழே தருகிறேன்.

"எங்கள் ஊரில் இதற்கு ஏத்தம் என்று பெயர். ஆறு மீன்கள் சேர்ந்து, கிணற்றில் தண்ணீர் இறைக்கும் ஏத்தம் போலவே நிற்கும். இரண்டு கால், மூன்று துலாமரம், ஒன்று தண்ணீர்ச் சால். துலாவின் மேல் எல்லாவற்றையும்விடப் பளிச்சென்று இருக்கிற ஏழாவது மீன், கொக்கு. பஞ்ச காலத்தில் எங்கள் முப்பாட்டனார் ஒரு கொக்கின் பின்னாலேயே நடந்து போய், தண்ணீர் இருக்கிற இடம் கண்டு கிணறு வெட்டினார். ஏத்தம் போட்டதும் கொக்கு அதன்மேல் வந்து உட்கார்ந்தது. சாமி இரண்டையும் வானத்துக்கு எடுத்துக்கொண்டது. மாசி அமாவாசை அன்று பொழுது அடைந்ததும் ஊர் விளக்குகளை அணைத்துவிட்டு, வறண்ட குளத்துக்குள் வெள்ளை வேட்டிகளை விரிப்போம். ஏத்தத்தின் வெளிச்சத்தில் ஒவ்வொருவருக்கும் ஏழு நிழல் விழும். அந்த நிழலில் விதைப்பெட்டியை வைத்து எடுத்தால் ஒரு விதையும் பழுது போகாது."

எப்படி இருக்கிறது? படித்துக் காட்டியதும் அப்பா மீசையை நீவிக்கொண்டார். இருளப்பசாமி மீசையை நீவினால் என்ன அர்த்தம் என்று உனக்குத் தெரியும். அதோடு உன்னைப் பற்றி இன்னொன்றும் சொன்னார். "ராசேசுவரி புள்ளைய வரச் சொல்லு. இந்த மாசிக்கு அது நம்ம பக்கம், தெக்க வந்து, எம் பக்கத்துல நிக்கட்டும்." உங்கள் கீழத்தெருவிலிருந்து இதுவரை யாரும் குளத்துக்குள் தெற்கே நின்றதில்லை. எனக்குக் கண் கலங்கிவிட்டது. டிக்கெட் எடுத்துவிடு.

உன்னால் ஊரில் தலை நிமிர்ந்து நடக்கும்,
முருகு

*

லா செரீனா, சிலி
2 நவம்பர் 2025

அன்பு முருகு,

உன் கடிதத்தைப் படித்துச் சிரித்தேன், பிறகு சிரிக்கவில்லை. இரண்டையும் எழுதுகிறேன்.

இங்கேயும் நம் ஊர் மாதிரிதான், மழை கிடையாது. வேலைக்குப் போகிற வழியில் நம் சீமைக்கருவேலத்தின் பங்காளி ஒன்று முள்ளோடு நிற்கிறது. அதைப் பார்த்தால் எனக்கு ஊருக்கே வந்துவிட்டது போலிருக்கும். இங்குள்ள மீனவர்கள் ஏத்தத்தைத் துடுப்பு என்கிறார்கள். அவர்களும் பெயர் அனுப்புகிறார்கள்.

நிழலைப் பற்றிச் சரியாகத்தான் எழுதியிருக்கிறாய். அறிவியலையும் இரண்டு வரி சேர்த்துக்கொள். சூரியன் ஒரு வட்டம், அதனால் அதன் நிழலின் ஓரம் மங்கும். நட்சத்திரம் ஒரு புள்ளி, அதனால் நிழல் கத்தியால் நறுக்கியது போல விழும். புள்ளிகள் ஏழு என்பதால் நிழலும் ஏழு. இவை நமக்குப் பக்கத்தில் இருக்கிற இளம் நட்சத்திரங்கள், உக்கிரமான சூடு. பக்கம் என்று நாங்கள் சொல்வது உங்கள் பக்கம் இல்லை. இந்த மாசியில் குளத்துக்குள் விழப்போகிற வெளிச்சம் அங்கிருந்து கிளம்பியபோது கொக்குக்குளத்தில் கிணறே கிடையாது. நான் அளந்தது என்ன தெரியுமா? மொத்த வெளிச்சத்தில் சரிபாதி அந்த ஏழாவது மீன் ஒன்றே தருகிறது. மற்ற ஆறும் சேர்ந்தால்தான் அதற்கு ஈடு.

அது கொக்கு இல்லை, முருகு.

கீழத்தெருவில் அதற்கு அருஞ்சுனை என்று பெயர். பஞ்சத்தில் கிணறு இருந்தது, ஏத்தம் இருந்தது, துலாமேல் ஏறி முன்னும் பின்னும் நடந்து மிதிக்க ஆள் இல்லை. மிதிக்கிறவர்கள் எல்லாரும் ஊரைவிட்டுப் போய்விட்டார்கள். எங்கள் தெருப் பெண் அருஞ்சுனை துலாவில் ஏறினாள். மிதித்தாள், மிதித்தாள், இருட்டிய பிறகும் இறங்கவில்லை. உன் முப்பாட்டனார் மிச்சமிருந்த ஒரே பெட்டி விதையைக் கிணற்றடியில் வைத்திருந்தார். அவள் நிழல் அதன்மேல் போய்ப் போய் வந்தது. அந்த வருஷம் அந்த விதை மட்டும்தான் முளைத்தது. அவள் கீழே இறங்கவே இல்லை. ஏத்தத்தோடு மேலே போய்விட்டாள். நிழலில் விதை வைக்கிற வழக்கம் அங்கிருந்துதான் வந்தது.

ஏத்தம் தெற்கே சாய்ந்து நிற்கும், நிழல் வடக்கே விழும். நீங்கள் தெற்கே நிற்பதும் நாங்கள் வடக்கே நிற்பதும் எதற்கென்று நீ யோசித்திருக்கிறாயா? எங்கள் நிழல் உங்கள் விதைமேல் விழுந்துவிடக் கூடாது. அம்மா தை மாதம் முழுக்க உங்கள் களத்தில் குனிந்து, கதிர் பார்த்துப் பொறுக்கின விதை அது. கை படலாம், நிழல் படக்கூடாது. உன் அப்பா என்னைத் தெற்கே கூப்பிட்டது அவருடைய பெரிய மனசு. ஆனால் அம்மா வடக்கே நிற்கும்போது நான் தெற்கே நின்றால் என் நிழல் அம்மா பக்கம் அல்லவா விழும்? அம்மா எங்கே நிற்கிறாளோ அங்கேதான் நான் நிற்பேன்.

ஒரு வேடிக்கை. இங்கே பூமியின் மறுபக்கத்தில் ஏத்தம் வடக்கே சாய்ந்திருக்கும், நிழல் தெற்கே விழும். உங்கள் ஆட்களை இங்கே கூட்டி வந்தால் இடத்தை மாற்றிப் போட வேண்டியிருக்கும்.

அன்புடன்,
ராஜி

*

கொக்குக்குளம்
28 நவம்பர் 2025

ராஜி,

உன் கடிதத்தைப் பஸ்ஸில் படித்தேன். பரளச்சியில் இறங்க மறந்து, வெகு தூரம் தள்ளி இறங்கி, வெயிலில் நடந்தே திரும்பினேன். வழியெல்லாம் உன்னைத் திட்டினேன்.

எத்தனை வருஷம் ஒரே பெஞ்சில் உட்கார்ந்தோம். என் டப்பாவில் நீ சாப்பிட்டாய், உன் டப்பாவில் நான் சாப்பிட்டேன். உன் அம்மா வைக்கிற கருவாட்டுக் குழம்புக்காக நான் வீட்டில் பொய் சொன்னது உனக்கு மறந்துவிட்டதா? அப்போதெல்லாம் வாய் திறக்காமல், இப்போது சிலியில் உட்கார்ந்துகொண்டு அருஞ்சுனை என்கிறாய். தெற்கு, வடக்கு என்று கோடு போட்டது நானா? நான் பிறக்கும்போதே அந்தக் கோடு கிடந்தது.

அப்பாவிடம் கேட்டேன். "அது கொக்குதான். எங்க அப்பன் சொன்னது, அவுக அப்பன் சொன்னது" என்றார். மறு பேச்சு இல்லை. அவர் உன்னைத் தெற்கே கூப்பிட்டதே எங்கள் பங்காளிகளுக்குப் பிடிக்கவில்லை. கோயிலில் அவரிடம் ஒருத்தரும் முகம் கொடுத்துப் பேசவில்லை. அதையெல்லாம் அவர் தாங்கிக்கொண்டுதான் சொன்னார். நீ அதைத் தூக்கி எறிகிறாய்.

ஆகட்டும். எனக்குத் தோன்றிய வழியைச் சொல்கிறேன். பெயர் ஏத்தம் என்றே இருக்கட்டும், அதில் இரண்டு தெருவுக்கும் சண்டை இல்லை. கொக்குக் கதையை எழுதிவிட்டு, கடைசியில் 'இதை ஒரு பெண் என்று சொல்வாரும் உண்டு' என்று ஒரு வரி சேர்த்துவிடுகிறேன். உனக்கும் சம்மதம்தானே? நீ வந்தால் போதும்.

கோபத்தோடும் பிரியத்தோடும்,
முருகு

*

லா செரீனா
24 டிசம்பர் 2025

முருகலட்சுமிக்கு,

அந்த ஒரு வரி வேண்டாம். சொல்வாரும் உண்டு என்கிற இடத்தில் அவள் நிற்க மாட்டாள். நின்றுகொண்டே மிதித்தவள் அவள். எழுதினால் துலாவின் மேல் எழுது. இல்லாவிட்டால் அவளை விட்டுவிடு. நீங்கள் எழுதாவிட்டாலும் சரிபாதி வெளிச்சத்தை அவள்தான் தருவாள்.

ஏன் இத்தனை வருஷம் சொல்லவில்லை என்று கேட்கிறாய். உங்கள் கொக்குக் கதையை எங்களுக்கு வருஷா வருஷம் குளத்துக்குள் வைத்துச் சொன்னீர்கள். எங்களிடம் கதை இருக்கிறதா என்று ஒரு வருஷமும் நீங்கள் கேட்கவில்லை. கேட்காத இடத்தில் கொண்டுபோய்ச் சொல்கிற கதை இல்லை அது. அம்மா என்னை வளர்த்ததும் அப்படித்தான்.

உன் அப்பா தாங்கிக்கொண்டது எனக்குத் தெரியாது. அதற்காக அவர்மேல் எனக்கு மரியாதை கூடியது. அதைச் சொல்லிவிடு. ஆனால் மாசிக்கு நான் வரவில்லை. உன் மேல் எனக்குக் கோபம் இல்லை, வருத்தம் இருக்கிறது. அது கோபத்தைவிடக் கனமாக இருக்கிறது.

ராஜேஸ்வரி

*

கொக்குக்குளம்
20 பிப்ரவரி 2026

அன்பு ராஜி,

உன் கடிதத்துக்கு இத்தனை நாள் பதில் போடவில்லை. என்ன எழுதுவது என்று தெரியாமல் இருந்தேன். இப்போது எழுத விஷயம் இருக்கிறது. உட்கார்ந்து படி. பாதியில் எழுந்து நட்சத்திரம் பார்க்கப் போகாதே.

சிவராத்திரிக்குக் குலதெய்வம் கும்பிட வந்த கூட்டம் அமாவாசை வரைக்கும் தங்கிவிட்டது. திருப்பூர், கோயம்புத்தூர்க் கார்களாக நின்றன. பொழுது அடைந்ததும் பஞ்சாயத்து கிளார்க் சதீஸ்குமார் தெருவிளக்கை அணைத்தான். போன்களையெல்லாம் பையில் வைக்கச் சொல்லி ஊர் சுற்றிச் சத்தம் போட்டான். குளத்துக்குள் வேட்டிகளை விரித்தோம். கொஞ்ச நேரத்தில் கண் பழகியது. ஏத்தம் அப்படியே தலைக்கு மேலே தெற்கே சாய்ந்து நின்றது. ஒவ்வொரு வருஷமும் பார்க்கிறதுதான், ஆனாலும் வேட்டியில் என் கையின் ஏழு நிழலையும் பார்த்ததும் கையை எடுக்கத் தோன்றவில்லை. உன் கடிதம் நினைவுக்கு வந்து, ஏழில் எது கறுப்பு அதிகம் என்று பார்த்தேன். ஒன்று மட்டும் மையாக இருந்தது. இத்தனை வருஷம் அதைப் பார்த்திருக்கிறேன், யார் நிழல் என்று கேட்டதில்லை.

அப்பா வழக்கம்போல் தெற்கே முதல் ஆளாக நின்றார். எங்கள் விதைப்பெட்டி அவர் நிழலில் இருந்தது. உனக்கென்று அவர் பக்கத்தில் விட்டிருந்த இடம் காலியாகவே கிடந்தது. அதைப் பார்க்கப் பார்க்க எனக்கு என்னவோ ஆகிவிட்டது. பெட்டியைத் தூக்கினேன். அப்பா "ஏ, எங்க கொண்டு போற?" என்றார். நிற்கவில்லை. நடந்தேன். எங்கள் தெருவார் நிற்கிற இடம் முடிந்து, நடுவில் யாரும் நிற்காத அந்த வெற்று மண்ணைத் தாண்டி, வடக்கே உன் அம்மா நிற்கிற இடத்துக்குப் போனேன். போய், அவர்கள் நிழலில் பெட்டியை வைத்துவிட்டு நிமிர்ந்தேன். உலகத்தையே புரட்டிவிட்டதாக எனக்கு நினைப்பு. மாலை போடுவார்கள் என்று எதிர்பார்த்தேன் போலிருக்கிறது.

உன் அம்மா என்ன செய்தார்கள் தெரியுமா? ஒரு எட்டு விலகி நின்றார்கள். நிழலும் கூடவே போய்விட்டது. பெட்டி தனியாகக் கிடந்தது.

"எதுக்கு தாயி இங்கன கொண்டாந்து வச்ச?"

"உங்க நிழலு விழட்டும்னுதான்."

"எங்கிட்டக் கேட்டியா?"

கேட்கவில்லை, ராஜி. கொடுக்கிறேன் என்றுதான் நினைத்துக்கொண்டு போனேன். வாங்க வந்திருக்கிறேன் என்று தோன்றவே இல்லை.

"எம் நிழலு சும்மா கெடக்குற நிழலு இல்ல. இது யாரு வெதை?"

"அப்பாவோடது."

"அப்ப அவுக வந்து கேக்கட்டும்."

சத்தம் போட்டுச் சொல்லவில்லை. ஆனால் குளத்துக்குள் அத்தனை பேரும் கேட்டார்கள். எங்கள் பக்கத்தில் யாரோ "என்ன பேச்சு இது" என்றார்கள். உங்கள் பக்கத்தில் ஒருத்தரும் அசையவில்லை. பெட்டியைத் தூக்கிக்கொண்டு அப்பா வீட்டுக்குப் போய்விடுவார், அதோடு நானும் உன்னை இழந்தேன், ஊரும் கெட்டது என்று நினைத்தேன்.

அப்பா வந்தார். அவருக்கு மாலைக்கண், கோலை ஊன்றி ஊன்றித்தான் வந்தார். பங்காளி ஒருவர் கையைப் பிடித்தார், உதறிவிட்டார். உன் அம்மா முன்னால் வந்து நின்று, கொஞ்ச நேரம் மேலே பார்த்தார். பிறகு சொன்னார்.

"ஜக்கம்மா, எங்க கெணத்துல கடைசியா ஏத்தம் மிதிச்சது உங்கய்யா பால்ச்சாமி. நான் சின்னப் புள்ள. கீழ நின்னு அண்ணாந்து பாப்பேன். மேல நின்னது கொக்கு இல்ல, மனுசன். எனக்குத் தெரியும்."

அப்பா கோலை என்னிடம் கொடுத்துவிட்டுக் குனிந்து பெட்டியை இரண்டு கையாலும் தூக்கினார். தூக்கிக்கொண்டே நின்றார்.

"வெதைக்கு நிழலு வேணும். எங்கன வைக்கட்டும்?"

பெட்டி கனம். உன் அம்மா அவசரப்படவே இல்லை. வேட்டியைப் பார்த்தார்கள், மேலே ஏத்தத்தைப் பார்த்தார்கள், தன் நிழலில் மையாக இருக்கிற அந்த ஒன்றைப் பார்த்துக் காலைத் தள்ளி நின்றார்கள். பிறகு விரலை நீட்டி, "இங்கன வைங்க" என்றார்கள்.

அப்பா வைத்தார். குதிரைவாலி மேல் உன் அம்மாவின் நிழல் விழுந்தது. எங்கள் தெருவில் பாதிப் பேர் வீட்டுக்குப் போய்விட்டார்கள் என்பதையும் எழுத வேண்டும். ஊர் திருந்திவிட்டது என்று உன்னிடம் பொய் சொல்ல மாட்டேன். ஆனால் எங்கள் தெரு மாயக்காள் சித்தி தன் மல்லி விதையோடு வந்து, "எனக்கும் கொஞ்சம் குடு ஜக்கம்மா" என்று கேட்டாள். "வரிசையில வா" என்றார்கள் உன் அம்மா. எனக்கு அந்த இடத்தில் சிரிப்பு வந்துவிட்டது.

நேற்று கதையை அனுப்பிவிட்டேன். உன் அம்மாவை எதிரில் உட்கார வைத்து, அவர்கள் சொல்லச் சொல்ல எழுதினேன். நடுவில் நான் அழகாக ஒரு வார்த்தை சேர்த்தேன், அதை அடிக்கச் சொல்லிவிட்டார்கள். பெயர் 'அருஞ்சுனை'. சொன்னவர் ஜக்கம்மாள், எழுதியவர் முருகலட்சுமி என்று போட்டிருக்கிறேன். கொக்கு அதில் இல்லை. அப்பாவிடம் படித்துக் காட்டினேன். மீசையை நீவவில்லை. "சரியாத்தான் இருக்கு" என்றார். அப்புறம் தனியாக, "கொக்கு பாவம்" என்றார்.

உன் வருத்தத்தில் ஒரு பங்கையாவது இறக்கிவைத்தேனா என்று எழுது. எழுதாவிட்டாலும் நான் உன் அம்மாவின் கருவாட்டுக் குழம்புக்குப் போய்க்கொண்டுதான் இருப்பேன்.

உன்,
முருகு

*

லா செரீனா
15 மார்ச் 2026

என் முருகு,

உன் கடிதம் வருவதற்கு முன்பே அம்மா போனில் பேசினாள். அமாவாசை எப்படி நடந்தது என்று கேட்டேன். "இருளப்பசாமி கேட்டாக, நிழலு குடுத்தேன்" என்றாள். அவ்வளவுதான். பிறகு முழங்கால் வலியைப் பற்றி முதல் தடவையாக அவளாகவே சொன்னாள். விட்டுக்கொடுக்காமல் நின்றதில் கூடிவிட்டதாம். உன் கடிதம் வந்த பிறகுதான் எனக்கு முழுசாகத் தெரிந்தது. ஆய்வுக்கூடத்தில் எல்லார் முன்னாலும் அழுதேன். என்ன ஆயிற்று என்று கேட்டவர்களிடம், என் அம்மாவின் நிழலுக்கு வரிசை நிற்கிறது என்றேன். அவர்களுக்குப் புரியவில்லை. உட்கார வைத்து முழுக்கதையும் சொன்னேன்.

பெயர் வைக்கிற குழு முடிவு செய்துவிட்டது. நான் அந்த அறையில் இருக்கக் கூடாது என்பதால் வெளியே நின்றேன். நட்சத்திரக் கூட்டம் முழுவதற்கும் துடுப்பு என்ற இந்த ஊர் மீனவர் பெயரை எடுத்துக்கொண்டார்கள். அதில் எனக்குக் குறை இல்லை. அவர்களும் அதன் வெளிச்சத்தில் பிழைத்தவர்கள்தான். ஆனால் ஏழாவது மீனுக்கு மட்டும் தனிப்பெயர் வைத்திருக்கிறார்கள். அருஞ்சுனை. இனி உலகத்தில் எந்த நாட்டில் எந்தக் குழந்தை நட்சத்திரப் படத்தை விரித்தாலும் அவள் பெயரைச் சொல்லித்தான் ஆக வேண்டும். சரியாகச் சொல்ல வராமல் நாக்கு புரளும். புரளட்டும்.

உன் அப்பாவிடம் ஒரு செய்தி சொல். அருஞ்சுனைக்குப் பக்கத்தில் ஒரு சின்ன மீனை எங்கள் ஆராய்ச்சிக் குழு போன மாதம் கண்டுபிடித்தது. வெறும் கண்ணுக்குத் தெரியாது. அவளைச் சுற்றிச் சுற்றி வருகிறது. அதை எங்களுக்குள் என்ன சொல்லிக் கூப்பிடுவது என்று கேட்டார்கள். கொக்கு என்று சொல்லியிருக்கிறேன். நிழல் மட்டும் விழாது. அதை அவர் பொறுத்துக்கொள்ள வேண்டும்.

நீ இறக்கிவைத்தது ஒரு பங்கு மட்டுமா, கேட்கிறாய் பார். கேட்டாயே, அதுவே போதும். புரட்டாசி விதைப்புக்கு வருகிறேன். டிக்கெட் எடுத்துவிட்டேன். அம்மா நிழல் பட்ட அந்தப் பெட்டியிலிருந்து முதல் பிடியை நான் தெளிக்க வேண்டும். உங்கள் நிலம், அதனால் முறைப்படி கேட்கிறேன். எங்கே தெளிக்கட்டும்?

ஜக்கம்மாள் மகள்,
ராஜேஸ்வரி